உலு திராம்காரர் வரலியா

என் வயதுப் பெண்களுக்குச் சொன்னால் புரியும். இப்போது நம் வீட்டு மருமகள்கள் புருஷனைப் பேர் சொல்லிக் கூப்பிடுகிறார்கள், கோபம் வந்தால் "டேய்" என்றும் கூப்பிடுகிறார்கள், அவனும் திரும்பிப் பார்க்கிறான். நன்றாகத்தான் இருக்கிறது, நான் குறை சொல்லவில்லை. நாம் வளர்ந்த தோட்டத்தில் அது நடக்குமா? ஆஸ்பத்திரியில் நர்சு மிஸ்ஸி அதட்டிக் கேட்டால்கூடப் பெண்கள் வாயைத் திறக்க மாட்டார்கள். பக்கத்தில் நிற்கிற பிள்ளையை முழங்கையால் இடிப்பார்கள். "நீ சொல்லு பாப்பா, அப்பா பேரு என்னா?"

அப்படிப் பேர் சொல்லுகிற வேலைக்காகவே என் அத்தை ஒரு வருடக் கடைசி விடுமுறையில் என்னைக் காஹாங் வரைக்கும் கூட்டிக்கொண்டு போனாள். எனக்குப் பத்து வயது. மாமாவின் பேரைச் சொல்ல ஒரு வாய் வேண்டும், என் வாய்தான் வீட்டிலேயே பெரிய வாய் என்று அம்மா சொல்வாள்.

அத்தை, அப்பாவின் தங்கச்சி. உலு திராமுக்கு உள்ளே தள்ளி இருந்த தோட்டத்தில் எங்களோடு ஒரே வீட்டில் இருந்தாள். ஜப்பான்காரன் காலத்தில் கல்யாணம் ஆனவள். கல்யாணம் ஆகி ஒரு தீபாவளிகூட வரவில்லை, அதற்குள் சயாமில் ரயில் பாதை போட ஆள் பிடிக்கிறார்கள் என்று லோரி வந்தது. அப்பா கித்தாக்காட்டு ரப்பர் மரங்களுக்குள் ஓடி ஒளிந்துகொண்டார். மாமா ரப்பர் பால் வாளியோடு சடக்குச் சாலையில் வந்துகொண்டிருந்தார். வாளியைக் கீழே வைத்துவிட்டு ஏறச் சொன்னார்களாம். அந்த வாளியை அத்தைதான் போய் எடுத்து வந்தாள்.

சண்டை முடிந்து, வெள்ளைக்காரன் திரும்பி வந்து, சயாமில் மிஞ்சியவர்களை ரயிலில் கொண்டுவந்து விட்டார்கள். ஜோகூர் பாரு ஸ்டேஷனில் அத்தை போய் நின்றாள். இறங்கி வந்தவர்களில் ஒருத்தரைக் கேட்டாள். என்னவென்று கேட்பாள், பேர் சொல்லக் கூடாதே. "அண்ணே, உலு திராம்காரர் வரலியா?" என்று கேட்டாள்.

"உலு திராமா? அவன் போயிட்டாம்மா. வாந்திபேதி."

அவ்வளவுதான் பேச்சு. அத்தை அந்த மனிதரின் முகத்தைக்கூடப் பார்க்கவில்லை. தலை குனிந்து நின்றதால் காலைத்தான் பார்த்தாள். முழங்காலுக்குக் கீழே சதை இல்லாமல் ஒரு குழி, ஒரு எலுமிச்சம்பழத்தை வைக்கலாம் போல இருந்ததாம். வீட்டுக்கு வந்து விழுந்து புரண்டு அழுதாள். வளையலை உடைக்கப் பெண்கள் கூடினார்கள். அப்போதுதான் கையை இழுத்துக்கொண்டு எழுந்து உட்கார்ந்தாளாம்.

"நான் பேரைச் சொல்லலையே. அந்தாளு யாரைச் சொன்னாரோ."

உலு திராம் பக்கத்துத் தோட்டங்களிலிருந்து போனவர்கள் எத்தனையோ பேர். அதில் யார் போய்விட்டது? அந்த ஒரு கேள்வியைப் பிடித்துக்கொண்டு அத்தை பொட்டை அழிக்கவில்லை, தாலியைக் கழற்றவில்லை. சயாமிலிருந்து திரும்பிய ஆள் எங்கே இருக்கிறார் என்று கேள்விப்பட்டாலும் கிளம்பிவிடுவாள். ஆடி அமாவாசை வந்தால் வீட்டில் சண்டை நிச்சயம். அப்பா மச்சானுக்கும் சேர்த்து எள்ளும் தண்ணியும் இறைக்கப் பார்ப்பார், அத்தை சொம்பைப் பிடுங்குவாள். அப்பாவுக்கு அவள்மேல் பாசம் இல்லாமல் இல்லை. ஒளிந்து தப்பித்த மனிதருக்கு, பிடிபட்டவரை நினைத்துத் தங்கச்சி தினமும் நெற்றியில் பொட்டு வைப்பதைப் பார்ப்பது எப்படி இருந்திருக்கும்? இது எனக்கு இப்போதுதான் தோன்றுகிறது. அப்போது அப்பாவை வெறும் கோபக்காரர் என்றுதான் நினைத்தேன்.

அந்த வருடம் என் அக்காவுக்குத் தெப்ராவிலிருந்து மாப்பிள்ளை வந்தது. தையில் கல்யாணம். மாப்பிள்ளையின் அம்மா வந்தவள் காப்பியைக் குடித்துவிட்டு, அத்தை நகர்ந்ததும், அம்மாவிடம் மெதுவாகக் கேட்டாள்.

"தப்பா நெனைக்காதீங்க. அவங்க நெத்தியில பொட்டு இருக்கு, வீட்டுக்காரரு எங்கன்னு எங்க ஆளுங்க கேட்டா நாங்க என்னா சொல்றது? மணவறையில நிக்கலாமா, கூடாதா? ஏதாச்சும் ஒண்ணு சொல்லிருங்க."

அன்று சாயங்காலம் அப்பா கத்தவில்லை. கத்தியிருந்தால் அத்தையும் பதிலுக்குக் கத்தியிருப்பாள். "தைக்குள்ள நீ ஒரு முடிவுக்கு வந்துரும்மா. பெரியவள நீதான் தூக்கி வளத்த. அவளுக்காகவாச்சும்" என்றார். அத்தை அரிசி புடைத்துக்கொண்டிருந்தாள்.

சைக்கிளில் துணி விற்க வரும் ஜவுளிக்காரர்தான் அந்தச் செய்தியைக் கொண்டுவந்தார். காஹாங் பக்கம் ஒரு தோட்டத்தில் ஜாகாவாகக் காவல் வேலை பார்க்கிறவர், சயாம் போய் வந்தவர், காலில் குழி இருக்கிறது என்றார். அத்தை அளந்துகொண்டிருந்த சீட்டித்துணியை அப்படியே விட்டுவிட்டு எழுந்தாள். இவ்வளவு வருடம் ஊரெல்லாம் தேடியும் அகப்படாத ஆள் அவர்.

அம்மா புளிச்சோறு கட்டிக் கொடுத்தாள். முதல் பஸ்ஸில் ஜோகூர் பாரு, அங்கிருந்து ரயிலில் குளுவாங். நான் அதுவரை ரயிலில் ஏறியதே இல்லை. ஜன்னல் பக்கம் உட்கார்ந்து வாய் ஓயாமல் பேசினேன். அத்தை மட்டும் அடிக்கடி என் தொடையைத் தட்டி, "பேரு ஞாபகம் இருக்கா? சொல்லு" என்பாள். நான் சொல்வேன். அப்போது அவள் முகத்தைப் பார்க்க வேண்டுமே. வெட்கமா, பசியா, என்னவென்று சொல்லத் தெரியவில்லை. கேட்டுவிட்டு ஜன்னலுக்கு வெளியே திரும்பிக்கொள்வாள். கொஞ்ச நேரம் கழித்து மறுபடியும் தொடையில் தட்டு விழும். இப்போது நினைத்தால், எனக்கு மறந்துவிடுமோ என்ற பயத்தில் மட்டும் அவள் கேட்கவில்லை. அந்தப் பேரை வீட்டில் யாரும் சத்தமாகச் சொல்வதில்லை. அப்பா சொல்லமாட்டார், அம்மா சொல்லமாட்டாள். அன்றைக்கு வழி முழுக்க நான் சொல்லிக்கொண்டு வந்தேன்.

குளுவாங்கில் இறங்கியதும் மழை பிடித்துக்கொண்டது. ஸ்டேஷன் கடைக்காரர் பழைய பால் டின்னில் கோப்பி ஊற்றி, டின் மூடியில் ஓட்டை போட்டுச் சணல் கட்டிக் கொடுத்தார். உங்களுக்கு நினைவிருக்கும், சூடு தாங்காமல் சணலை மாற்றி மாற்றிப் பிடிப்போம். அந்த டின்னை இப்போது யார் கண்டது? நெகிழிப் பையும் போய், என் பேரன் காகிதக் குவளையில் வாங்கிக் குடிக்கிறான். மெர்சிங் போகிற பஸ்ஸில் ஏறி உட்கார்ந்தோம். ஜன்னல் கித்தான் திரை வழியாகத் தண்ணீர் உள்ளே அடித்தது. சடக்கின்மேல் மஞ்சள் தண்ணீர் ஓடியது, டிரைவர் மலாய்க்காரர், வாயில் ஏதோ ஓதிக்கொண்டே ஓட்டினார். எனக்குக் குஷி. அத்தை தாலியைக் கைக்குள் பொத்திப் பிடித்திருந்தாள்.

ஜாகாவின் வீடு தோட்டத்து ஆலைக்குப் பின்னால். காயப்போட்ட ரப்பர் பாலின் புளிச்ச வாடை அந்தப் பக்கம் முழுக்க. நாங்கள் போனபோது கைலியை மடித்துக் கட்டிக்கொண்டு முன்வாசலில் கத்தி தீட்டிக்கொண்டிருந்தார். அத்தை முகத்தைப் பார்க்கவில்லை, நேராகக் காலைப் பார்த்தாள். பார்த்ததும் அங்கேயே ஈரத்தில் உட்கார்ந்துவிட்டாள்.

அவர் பயந்துபோய், "யாரும்மா நீ? பசியாறுனியா?" என்றார்.

அத்தை முழங்கையால் என்னை இடித்தாள். நான் மாமாவின் பேரைச் சொன்னேன். பள்ளிக்கூடத்தில் வாத்தியார் கேட்டால் சொல்வதுபோல நிமிர்ந்து நின்று, சத்தமாக, அவருடைய அப்பா பேரோடு சேர்த்துச் சொன்னேன்.

அவர் யோசித்தார். தலையை ஆட்டினார். "பேரு யாருக்குப் பாப்பா தெரியும் அங்க? எந்தத் தோட்டத்துல இருந்து வந்தானோ அதான் பேரு. நான் காஹாங். என் பக்கத்துல படுத்தவன் லாபிஸ். அவன் பேரு இன்ன வரைக்கும் எனக்குத் தெரியாது."

எனக்கு அழுகை வந்துவிட்டது. அவ்வளவு தூரம் தூக்கிக்கொண்டு வந்த பேர் ஒன்றுக்கும் உதவவில்லை. அத்தைதான் நிதானமாகக் கேட்டாள். "அண்ணே, ஜோகூர் பாரு ஸ்டேஷன்ல ஒரு பொண்ணு ஒங்கள நிறுத்தி, உலு திராம்காரர் வரலியான்னு கேட்டுச்சு. ஞாபகம் இருக்கா?"

அவர் கத்தியைக் கீழே வைத்துவிட்டார். "அது நீயா?"

பிறகு அவர் சொன்னது இது. அவருடைய முகாமில் உலு திராம்காரர் இரண்டு பேர் இருந்தார்கள். ஒருத்தர் உயரம், ஒருத்தர் உயரம் கம்மி. நெட்டை உலு திராம், குட்டை உலு திராம் என்று கூப்பிடுவார்கள். நெட்டை, வாந்திபேதியில் ஒரே ராத்திரியில் போய்விட்டார். இவரும் இன்னொருத்தரும்தான் இழுத்துக்கொண்டு போய் நெருப்பில் போட்டார்கள்.

"இன்னொருத்தரு?" என்றாள் அத்தை.

"அவன் நல்லாத்தான் இருந்தான். சண்டை முடிஞ்சு எங்கள ஏத்திக்கிட்டுப் போவ லோரி வந்துச்சு. எல்லாரும் அடிச்சுப் புடிச்சு ஏறுனோம். அவன் ஏறல. ஆத்தோரமா வாழப்பழம் விக்கிற சயாம்காரப் பொண்ணு ஒண்ணு, அது கிட்டப் போயி நின்னுக்கிட்டான். அது மாசமா வேற இருந்துச்சு. நீங்க போங்கண்ணேன்னான். ஊர்ல கேட்டா என்னாடா சொல்றதுன்னு கேட்டேன். ஒண்ணும் சொல்ல வேணாம்னான்."

மழை தகரத்தில் கொட்டிக்கொண்டிருந்தது. அவர் காலைத் தடவிக்கொண்டே தொடர்ந்தார். "அன்னிக்கு நீ கேட்டப்ப நான் செத்தவனச் சொன்னேன். மத்தவனப் பத்திதான் ஒண்ணும் சொல்லக் கூடாதுல்ல. நீ பேரச் சொல்லியிருந்தாலும் எனக்குத் தெரிஞ்சிருக்காது. இப்பச் சொல்லும்மா. உன் வீட்டுக்காரரு யாரு, நெட்டையா, குட்டையா?"

"நெட்டை" என்றாள் அத்தை.

கொஞ்சம்கூடத் தயங்கவில்லை. அவர் பெருமூச்சு விட்டு, "அப்ப நான் அன்னிக்குச் சொன்னது சரிதாம்மா. மனசத் தேத்திக்க. ஊருக்குப் போயி ஆவ வேண்டியதப் பாரு" என்றார். எனக்கு ஒரு பிஸ்கட் கொடுத்தார். அத்தை எழுந்து சேலையைப் பிழிந்து உதறிவிட்டு, "வரேண்ணே" என்று கும்பிட்டாள்.

பஸ்ஸில் நான் அவள் முகத்தையே பார்த்துக்கொண்டு வந்தேன். அழுவாள், பொட்டை அழிப்பாள் என்று காத்திருந்தேன். புளிச்சோற்றைப் பிரித்து எனக்கு ஊட்டினாள். குளுவாங் நெருங்கும்போது காதோடு சொன்னாள். "பாப்பா, நெட்டை குட்டைன்னு அவரு பேசுனது எதுவும் அப்பாகிட்டச் சொல்லக் கூடாது. அம்மாகிட்டயும் வேணாம். என் மேல சத்தியம்."

வீட்டில் அப்பா பசாரிலிருந்து வந்து காத்துக்கொண்டிருந்தார். "ஆளப் பாத்தியா? என்னா சொன்னான்?"

"பாத்தேண்ணே. அவருக்கு ஒண்ணும் ஞாபகம் இல்லியாம். வேற ஆளுங்கள விசாரிக்கணும்."

அப்பா தலையில் அடித்துக்கொண்டார். நான் வாயை மூடிக்கொண்டேன். எனக்கு எல்லாம் புரிந்துவிட்டதாக நினைத்தேன். மாமா செத்துவிட்டார், அத்தைக்குத் தெரியும், பொட்டு போய்விடும் என்று மறைக்கிறாள். பத்து வயதுக்கு இதற்கு மேல் என்ன புரியும்?

அக்கா கல்யாணத்தன்று யாரும் சொல்லாமலேயே அத்தை பின்பக்கம் சமையல் கொட்டகைக்குப் போய்விட்டாள், பொட்டோடுதான். விடிந்ததிலிருந்து கத்திரிக்காய் நறுக்கினாள். தாலி ஏறியதும் அக்கா மாலையோடு நேராகக் கொட்டகைக்கு வந்து அவள் காலில் விழுந்தாள். மாப்பிள்ளையின் அம்மா முகத்தைச் சுளித்தாள், சுளித்துவிட்டுப் போகட்டும். அத்தை கையெல்லாம் கத்திரிக்காய்க் கறை. புறங்கையால் அக்காவின் தலையைத் தொட்டாள்.

அதற்குப் பிறகும் தேடல் நிற்கவில்லை. சிகாமட், பத்து பகாட், மூவார். சயாம் போய் வந்தவர் என்றால் போதும். நான் வளர்ந்து தெப்ராவில் தொழிற்சாலை வேலைக்குப் போன பிறகும், கல்யாணமாகி அவளை என்னோடு வைத்துக்கொண்ட பிறகும், ஞாயிற்றுக்கிழமை என் வீட்டுக்காரர் காரில் அவளைக் கொண்டுபோய் விடவேண்டும். நானும் கூடப் போவேன். என் வாய்க்கு அங்கே வேலை இல்லை. மாமாவின் பேரைச் சொல்லி விசாரிக்கச் சொல்வதே இல்லை. வேறு என்னென்னவோ கேட்பாள். சயாமில் மழை எப்போது பிடிக்கும், அரிசிச் சோறா வேறு ஏதாவதா, காய்ச்சல் வந்தால் என்ன மருந்து கொடுப்பார்கள்? ஒருமுறை பத்து பகாட்டில் ஒரு கிழவரிடம், "அங்கத்துப் பொம்பளைங்க எப்படிண்ணே, நல்லவங்களா, புருஷன நல்லாப் பாத்துக்குவாங்களா?" என்று கேட்டாள். கிழவர் என்னைப் பார்த்தார், நான் என் வீட்டுக்காரரைப் பார்த்தேன். வயதாகிவிட்டது, கழன்றுவிட்டது என்று நாங்களே முடிவு செய்துகொண்டோம்.

அப்பாவும் போய்ச் சேர்ந்தார். கடைசி வரைக்கும் அவள் ஒரு அமாவாசைக்கும் சொம்பைக் கொடுக்கவில்லை.

என் தொழிற்சாலையில் ஒரு வருடம் சயாமுக்குப் பஸ் சுற்றுலா ஏற்பாடு செய்தார்கள். அந்த ரயில் பாதை, அந்த ஆறு, அந்தப் பாலம் எல்லாம் காட்டுவார்கள் என்றதும் ஓடிவந்து அத்தையிடம் சொன்னேன். சந்தோஷத்தில் அழுவாள் என்று நினைத்தேன். "நான் வரல" என்று சொல்லிவிட்டுக் கீரை ஆயத் தொடங்கினாள். எனக்கு வந்ததே கோபம். என் கோபம் உங்களுக்குத் தெரியாதது இல்லை.

"எவ்ளோ வருஷம் அத்த? ஜோகூர் பூரா அலைஞ்சீங்க. அந்த ஊருக்கு மட்டும் வரமாட்டீங்களா? அன்னிக்கே காஹாங்ல தெரிஞ்சிருச்சுல்ல, நெட்டை செத்துட்டாருன்னு. நான் இன்ன வரைக்கும் ஒருத்தர்கிட்ட வாயத் தொறக்கல. என்னாத்துக்கு இந்த நாடகம்?"

அத்தை கீரையைக் கீழே வைத்தாள். சிரிக்கிற மாதிரி இருந்தது.

"உங்க மாமா நெட்டை இல்லடி. என் காதுக்குத்தான் வருவாரு."

எனக்குக் காதில் விழுந்தது, மண்டையில் ஏறவில்லை. அவளே சொன்னாள். "அந்த ஆளு முன்னால என்னா சொல்லச் சொல்ற? ஒண்ணும் சொல்ல வேணாம்னு விட்டுட்டுப் போனாரே, அவரு பொண்டாட்டி நான்தான்னா? வாயி வரல. நெட்டைன்னு சொல்லிட்டேன்."

"அப்பாகிட்டயாவது சொல்லியிருக்கலாம்ல?"

"சொன்னா? கத்தியத் தூக்கிக்கிட்டுச் சயாமுக்குக் கெளம்பியிருப்பாரு. இல்லன்னா, எங்களப் பொறுத்த வரைக்கும் அவன் செத்தவன்தான்னு எள்ளும் தண்ணியும் எறைச்சிருப்பாரு. உசுரோட இருக்கிறவருக்கு எறைக்க விடலாமா? நான் தேடிக்கிட்டே இருந்தா, செத்துட்டாருன்னு யாரும் முடிச்சு வைக்க முடியாதுல்ல. அதான்."

"கோவமே வரலியா அத்த?"

"வந்துச்சே. ரொம்ப நாளு இருந்துச்சு. இங்க வந்து என்னைத் திட்டிட்டுப் போயிருந்தாக்கூடத் தேவலன்னு இருக்கும். அப்புறம் கோவம் போச்சு, ஆசைதான் மிச்சம். சாப்ட்டாரா, மழையில நனைஞ்சாரா, புள்ள ஆம்பளையா பொம்பளையா, இதெல்லாம்." மறுபடியும் கீரையை எடுத்துக்கொண்டாள். "ஒரு தடவ பாக்கணும்னு தெனம் இருக்கு. ஆனா போவ மாட்டேன். நான் போயி நின்னா அந்தப் பொண்ணு என்னா பண்ணும், பாவம்."

அவள் சொல்லச் சொல்ல எனக்கு அவளைக் கட்டிக்கொள்ளவேண்டும் போல இருந்தது. கட்டிக்கொண்டேன். கீரையெல்லாம் கொட்டிப் போயிற்று.

இரண்டு வருடம் கழித்து, ஒரு வைகாசி மாதம், தூக்கத்திலேயே போய்விட்டாள். தெப்ராவில் என் வீட்டு முன்கூடத்தில்தான் கிடத்தியிருந்தோம். குளிப்பாட்டி முடித்ததும், விவரம் தெரிந்த பெரியம்மா ஒருத்தி, கோயிலில் பழக்கமானவள், விபூதித் தட்டை எடுத்துக்கொண்டு என்னிடம் வந்தாள்.

"இவங்க வீட்டுக்காரரு தவறி எவ்ளோ வருஷம்மா இருக்கும்? விபூதி மட்டும் பூசிரலாமா?"

அன்றைய தேதியில் மாமா உயிரோடு இருந்தாரா என்று எனக்குத் தெரியாது. எந்த ஆற்றோரத்தில், எந்தப் பிள்ளையின் வீட்டில் இருந்தாரோ. சுற்றிலும் பெண்கள் என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

"தவறலை" என்றேன். "இருக்காரு. சயாம்ல இருக்காரு. குங்குமத்தக் குடுங்க."